வந்துகொண்டிருக்கிறது

இரவு ஒன்றே முக்கால்.
ஒல்ஷ்டின் நகரில் பனி சத்தமில்லாமல் இறங்குகிறது.
நைட்டியின் மேல் பொகுமிவின் கோட்டை மாட்டிக்கொண்டு
சாவிக்கொத்து கலகலக்காதபடி
உள்ளங்கையில் இறுக்கி
நாலு மாடி இறங்குகிறேன்.

பெட்ரோல் பங்க் சுவரோரம்
மஞ்சள் இரும்பு அலமாரி, எழுபத்தாறு கதவுகள்.
கைபேசியில் எண்ணை அழுத்தினால்
அத்தனையில் ஒன்று மட்டும்
டக்கென்று தானே திறந்துகொள்ளும்.
அந்த டக்.
இந்த ஊரில் வேறெந்தக் கதவும்
எனக்கென்று அப்படித் திறந்ததில்லை.

இன்று வந்திருப்பது என்னவென்று எனக்கே தெரியாது.
செவ்வாய்க்கிழமை, பல் மருத்துவமனை வரவேற்பு மேசையில்
யாரோ ஒருவரின் கடைவாய்ப் பல்லுக்குக் கணக்கு எழுதும்போது
கை அரித்தது. வாங்கினேன்.
நினைவிருப்பது
அதற்குப் பின் வந்த கால் மணி நேரம்தான்:
காது மடல்வரை வெதுவெதுப்பு.
காத்திருந்த நோயாளிகள் எல்லோரும்
நல்லவர்களாகத் தெரிந்தார்கள்.

அனுப்பிவிட்டோம் என்றது ஒரு செய்தி.
வார்சாவைத் தாண்டிவிட்டது என்றது இன்னொன்று.
என்னை நோக்கி ஏதோ வந்துகொண்டிருக்கிறது.
வந்துகொண்டிருக்கும்வரை
நாளைக்கு விடிவதற்கு ஒரு காரணம் உண்டு.
வந்து சேர்ந்தபின்
அது வெறும் சாமான்.

நிலவறையில் எங்கள் கம்பிக்கூண்டுக்குள்
பிரிக்காத பெட்டிகள் கூரையைத் தொடுகின்றன.
வாஃபிள் சுடும் கருவி இரண்டு
(எங்கள் வீட்டில் யாருக்கும் வாஃபிள் பிடிக்காது).
ஆறு பேர் படுக்கும் கூடாரம்.
கலீனாவின் ஏழு வயதுக் கால் அளவில்
பனிச்சறுக்குக் காலணி.
அவளுக்கு இப்போது பதினொன்று.

சைக்கிள் எடுக்கக் கீழே போன பொகுமிவ்
சைக்கிள் இல்லாமல் மேலே வந்தான் ஒருநாள்.
கத்துவான் என்று காத்திருந்தேன்.
பீட்ரூட் சூப்பைக் கிண்டிக்கொண்டே கேட்டான்:
“வியோலா, கரண்ட் பில் கட்டியாச்சா?”
கட்டியாச்சு என்றேன்.
மறுநாள் கட்டினேன், வேறொரு கார்டில் கடன் எடுத்து.
பொய்யும் தவணையில்தான் கிடைக்கிறது,
மாதாமாதம் கொஞ்சம்
வட்டியோடு.

பள்ளியில் க்ராக்கோவுக்குச் சுற்றுலா, மூன்று நாள்.
நான் வாயைத் திறப்பதற்குள்
கலீனாவே சொல்லிவிட்டாள்:
“நான் போகலை. பஸ்ஸில் எனக்கு வாந்தி வரும்.”
அவளுக்கு ஒருமுறைகூட வந்ததில்லை.

அலமாரி முன்னால் இன்று வேறு யாரோ.
இரண்டாம் மாடி ஷிமான்ஸ்கா,
தேவாலயத்தில் ஆர்கன் வாசிப்பவர்.
கை நிறைய மூன்று பொட்டலம்
விழாமலிருக்க மோவாயால் அழுத்தியபடி.
ஒருவரையொருவர் பார்க்காமலிருக்க
இருவருமே பனியைப் பார்த்தோம்.
ஒன்று நழுவி விழுந்தது.
எடுத்துக் கொடுத்தேன். காற்றைப்போல் கனமில்லை.
“அக்கா மகளுக்குப் பரிசு” என்றார்.
“எனக்கும் அப்படித்தான்” என்றேன்.
எனக்கு அக்கா கிடையாது.
அவருக்கும் இருக்காது என்று நினைக்கிறேன்.
இரண்டு வாயிலிருந்தும் வந்த ஆவி
விளக்கடியில் ஒன்றாகிக் கலைந்தது.

டக்.

திரும்பி ஏறுகிறேன்.
மூன்றாம் மாடி வளைவில் மூச்சு வாங்குகிறது.
நான் வாங்குவதில்
இதற்கு மட்டும் ரசீது இல்லை.
படியில் உட்கார்ந்து பெட்டியை மடியில் வைத்தேன்.
பொருள் பிடித்திருந்ததா,
எத்தனை நட்சத்திரம் தருவீர்கள் என்று
கைபேசி அதற்குள் கேட்கிறது.

மேலே கதவு திறக்கும் ஓசை.
வெறுங்கால்.
“அம்மா?”

“வந்துகொண்டிருக்கிறேன்” என்றேன்.

இன்னும் எழவில்லை.